லைசென்ஸ் எரருக்கு இல்லஸ்ட்ரேட்டரை அழித்துப் போடாதீர்கள்

முகூர்த்த சீசன் வந்தாலே ஃப்ளெக்ஸ் கடைகள், பத்திரிகை அடிக்கிற பிரஸ்கள் என்று எல்லா இடத்திலிருந்தும், டிசைன் போடும் அடோபி இல்லஸ்ட்ரேட்டர் சாஃப்ட்வேரைப் பற்றி எனக்கு ஒரே போன்தான். "லைசென்ஸ் சரிபார்க்க முடியலன்னு வருதுங்க, அன்இன்ஸ்டால் பண்ணி மறுபடி போட்டோம், அப்பவும் வருது."

நேற்று வந்தவர் ஒழுங்காகச் சந்தா கட்டுகிறவர். ராத்திரி முழுக்க டவுன்லோடு போட்டு, பழகிய பிரஷ், செட்டிங் எல்லாம் போய், டெலிவரி தேதியும் தவறி வந்து நின்றார். தயவுசெய்து கேளுங்கள்: உங்கள் கணக்கை சர்வரிடம் கேட்டு உறுதி செய்ய முடியவில்லை, அந்த எரருக்கு அர்த்தம் அவ்வளவுதான். சாஃப்ட்வேர் நன்றாகத்தான் இருக்கிறது. தடை விண்டோஸில் இருக்கும்போது இல்லஸ்ட்ரேட்டரை எத்தனை தடவை அழித்துப் போட்டாலும் தடை அங்கேயேதான் இருக்கும்!

அவர் சிஸ்டத்தில் மூலையில் வருஷம் 2015 என்று காட்டியது. சிஸ்டத்துக்குள்ளே மதர்போர்டில் இருக்கிற சிஆர்2032 என்ற சின்ன வட்ட பேட்டரி தீர்ந்துபோனால், கரண்ட் போய் வந்ததும் தேதி பின்னால் போய்விடும், தேதி தப்பானால் சர்வரின் பாதுகாப்புச் சான்றிதழ் செல்லாது. (அந்த நேரத்தில் பிரவுசரில் மெயில்கூடத் திறக்காது, அதை மட்டும் யாரும் சொல்வதில்லை.) பேட்டரியை மாற்றி, நேரத்தை ஆட்டோமேட்டிக்கில் வைத்ததும் திறந்துவிட்டது.

தேதி சரியா? அப்படியானால் ஹோஸ்ட்ஸ் ஃபைல், அதாவது எந்த சர்வர் பெயருக்கு எந்த முகவரி என்று விண்டோஸ் பார்த்துக்கொள்ளும் பட்டியல். முன்பு எப்போதோ யாரோ போட்ட கிராக் (காசு கட்டாமல் ஓட்ட வைக்கும் திருட்டு புரோகிராம்), அடோபி சர்வர் பெயர்களுக்கு நேராக 127.0.0.1 (உங்கள் கம்ப்யூட்டரையே குறிக்கும் முகவரி) என்று எழுதி வழியை அடைத்திருக்கும். கிராக்கை நீக்கினாலும், பிறகு காசு கொடுத்து வாங்கினாலும் அந்த வரிகள் அப்படியே கிடக்கும். நோட்பேடை அட்மினிஸ்ட்ரேட்டராகத் திறந்து, அதில் ஹோஸ்ட்ஸ் ஃபைலைக் கொண்டுவந்து அந்த வரிகளை மட்டும் எடுத்துவிடுங்கள், அல்லது அடோபியே தரும் லிமிடெட் ஆக்சஸ் ரிப்பேர் டூலை ஓட்டுங்கள்.

ஆட்டோகேட் (பிளான் வரையும் ஆட்டோடெஸ்க் சாஃப்ட்வேர்) வைத்திருப்பவர்களுக்கு: 2020 வெர்ஷனிலிருந்து லைசென்ஸைப் பார்த்துக்கொள்வது ஆட்டோடெஸ்க் டெஸ்க்டாப் லைசென்சிங் சர்வீஸ். விண்டோஸ் சர்வீசஸில் அது நின்றிருந்தால் ஸ்டார்ட் கொடுங்கள்.

அப்புறம், அடோபியில் ஒரு ஐடிக்கு ஒரே சமயத்தில் இரண்டு கம்ப்யூட்டரில்தான் ஆக்டிவேஷன், கடை முழுக்கப் பகிராதீர்கள். பழைய சிஸ்டத்தை விற்கும் முன் சைன் அவுட் செய்யுங்கள். ஆன்டிவைரஸை அணைத்துவிட்டு யூடியூபில் பார்த்த 'ஆக்டிவேட்டரை' ஓட்டவே ஓட்டாதீர்கள், அப்படி ஓட்டி ஃபைலெல்லாம் பூட்டிக்கொண்டு, பணம் கேட்கும் குறிப்போடு வந்த ஒரு ஹார்ட் டிஸ்க்கை என்னால் மீட்டுத் தர முடியவில்லை. பல வருஷ டிசைன்கள், ஒரு பேக்கப்கூட இல்லை.

எனக்குப் போன் பண்ணும் முன் எதையும் அழிக்காமல் எரர் திரையை மட்டும் போட்டோ எடுத்து அனுப்புங்கள், போதும்.