வரிசையில் நிற்பவருக்கு என்ன தெரியும்?

ஞாயிற்றுக்கிழமை காலை ஒன்பது மணிக்கு மும்பை மாட்டுங்காவில் கிங்ஸ் சர்க்கிள் பக்கம் போனால், ஒரு டிபன் கடை வாசலில் நாற்பது பேர் நிற்பார்கள். ஒருவர் நோட்டும் பேனாவுமாகப் பெயர் எழுதிக்கொண்டிருப்பார். நாலு கடை தள்ளி இன்னொரு டிபன் கடை. அங்கே மின்விசிறி சுற்றும், மேஜைகள் காலியாக இருக்கும். போன மாதம் செம்பூரிலிருந்து குடும்பத்தோடு போன நாங்களும் நோட்டில் பெயரைக் கொடுத்துவிட்டு நின்றோம். முக்கால் மணி நேரம் ஓடிவிட்டது.

"என்னங்க, அந்தக் கடை காலியாத்தானே இருக்கு?" என்றாள் மனைவி.

"காலியா இருக்குன்னா ஏதாவது காரணம் இருக்கும்" என்றேன்.

சொன்ன பிறகுதான் எனக்கே உறைத்தது. அந்தக் கடையில் நான் ஒரு வாய் காபி கூடக் குடித்ததில்லை. முன்னால் நின்றவரிடம் பேச்சுக் கொடுத்தேன். டோம்பிவிலியிலிருந்து வந்திருந்தார். அவருக்கும் இந்தக் கடை முதல் தடவைதான். "கூட்டம் நின்னுச்சு, சரி நல்லாத்தான் இருக்கும்னு நின்னுட்டோம்" என்றார். அவர் கூட்டத்தை நம்பி நின்றார், நான் அவரை நம்பி நின்றேன்.

இந்த வரிசையின் கணக்கை 1992இல் ஒருவர் எழுதியே வைத்திருக்கிறார். பொருளாதாரத்துக்காக 2019இல் நோபல் பரிசு பெற்ற அபிஜித் பானர்ஜி. பிறந்தது இதே மும்பையில், வளர்ந்தது கொல்கத்தாவில். நோபல் கிடைத்தது வறுமை ஒழிப்பு ஆய்வுகளுக்கு. ஆனால் மந்தைப் போக்கு பற்றி அவர் எழுதிய இந்தப் பழைய கட்டுரை எனக்கு இன்னும் பிடிக்கும், உதாரணமே சாப்பாட்டுக் கடை என்பதால்.

பக்கத்துப் பக்கத்தில் இரண்டு கடைகள். முதல் கடைதான் கொஞ்சம் மேல் என்று ஊரில் ஒரு மெல்லிய பேச்சு, 51க்கு 49 என்கிற அளவில். சாப்பிட வரும் 100 பேருக்கும் ஆளுக்கொரு துப்பு தனியாகக் கிடைத்திருக்கிறது. அதில் 99 பேருடைய துப்பு இரண்டாவது கடையைக் காட்டுகிறது, ஒரே ஒருவருடையது முதல் கடையை. அந்த ஒருவர் முதலில் வந்து சேர்கிறார், முதல் கடைக்குள் போகிறார். அடுத்து வருபவர் யோசிக்கிறார்: "என் துப்பு இரண்டாவது கடை. ஆனால் முன்னால் போனவருக்கு முதல் கடை என்று துப்பு கிடைத்திருக்கிறது. இரண்டும் கழிந்துவிட்டது. மிச்சம் இருப்பது ஊர்ப் பேச்சு." அவரும் முதல் கடைக்குள் போகிறார். மூன்றாமவரின் கண்ணுக்கு இரண்டு பேர் தெரிகிறார்கள். ஆனால் அந்த இரண்டாமவர் எந்தத் துப்போடு வந்திருந்தாலும் அங்கேதான் போயிருப்பார், ஆகவே அவர் போனதிலிருந்து புதிதாகத் தெரிந்துகொள்ள எதுவும் இல்லை. மூன்றாமவரும் உள்ளே போகிறார். இப்படியே 100 பேரும் முதல் கடையில். 99 துப்புகள் அவரவர் சட்டைப் பையிலேயே தங்கிவிடுகின்றன.

இதில் ஒருவர்கூட முட்டாள் இல்லை. ஒவ்வொருவரும் சரியாகத்தான் யோசித்தார்கள். தலைகளை எண்ணினால் 100 சாட்சி. உண்மையில் இருந்தது ஒரே சாட்சி.

சரி, அடுத்தவர் பேச்சையே காதில் வாங்காமல் இருந்துவிடலாமா? அதுவும் நஷ்டம்தான். 1906இல் இங்கிலாந்தின் பிளைமவுத் நகரில் நடந்த கால்நடைக் கண்காட்சியில் ஒரு போட்டி வைத்தார்கள். ஒரு எருதை அறுத்துச் சுத்தம் செய்த பிறகு இறைச்சி எவ்வளவு எடை நிற்கும் என்று சீட்டில் எழுதிப் போட வேண்டும், சீட்டு ஆறு பென்ஸ். ஃபிரான்சிஸ் கால்டன் என்கிற ஆங்கிலேய அறிவியலாளர் அந்தச் சீட்டுகளை வாங்கி ஆராய்ந்தார். படிக்க முடிந்தவை 787. வரிசைப்படுத்தி நடுவில் இருந்த கணிப்பை எடுத்தால் 1,207 பவுண்டு. உண்மை எடை 1,198. ஏறக்குறைய 543 கிலோவில் 4 கிலோதான் வித்தியாசம்.

இதில் மாயம் எதுவும் இல்லை. மாட்டுங்கா மார்க்கெட்டில் ஒரு பலாப்பழம் இருக்கிறது, எடை 10 கிலோ என்று வையுங்கள். நான் 8 என்கிறேன், மனைவி 13 என்கிறாள். என் பிழை 2 கிலோ, அவள் பிழை 3. இரண்டுக்கும் சராசரி எடுத்தால் 10.5, பிழை அரைக் கிலோவாகச் சுருங்குகிறது. நான் கீழே தவறினேன், அவள் மேலே தவறினாள், ஒன்றை ஒன்று அடித்துக்கொண்டது. 100 பேர் தனித்தனியாகத் தவறினால் சராசரியின் பிழை சுமார் பத்தில் ஒன்றாகக் குறையும். ஆனால் நான் 8 என்று சொன்னதைக் கேட்டுவிட்டு அவளும் "ஒரு எட்டரை இருக்கும்" என்றால் கதை முடிந்தது. இரண்டு பேரும் ஒரே பக்கம் சாய்ந்துவிட்டோம்.

சூரிக் நகரில் 144 மாணவர்களை வைத்து இதையே செய்து பார்த்தார்கள், 2011இல் வெளியானது. மற்றவர்களின் கணிப்புகளைக் காட்டிவிட்டு மறுபடி கணிக்கச் சொன்னபோது விடைகள் ஒன்றை ஒன்று நெருங்கி வந்தன. கூட்டத்தின் விடை மேம்படவில்லை. ஆனால் நம் விடை சரிதான் என்கிற தைரியம் மட்டும் கூடியது. எனக்குப் பயம் தருவது இந்தக் கடைசி விஷயம்தான்.

கண் முன்னால் இருப்பதையே விட்டுக்கொடுக்கிறவர்களும் உண்டு. 1950களில் சாலமன் ஆஷ் என்கிற உளவியலாளர் நடத்திய கோடு சோதனை பலரும் அறிந்தது. எந்தக் கோடு எதற்குச் சமம் என்று குழந்தைகூடச் சொல்லிவிடும். ஆனால் முன்கூட்டிப் பேசி வைத்த கூட்டம் ஒரே குரலில் தவறாகச் சொன்னபோது, மூன்றில் ஒரு பங்குக்கும் சற்று மேலான பதில்கள் கூட்டத்தோடு போயின. கூட்டத்தில் ஒரே ஒருவர் சரியாகச் சொன்னால் அந்தத் தவறுகள் கால்வாசியாகக் குறைந்தன. இன்னும் வேடிக்கை, அந்த ஒருவர் வேறு விதமாகத் தவறாகச் சொன்னாலும் நல்ல பலன் இருந்தது. வாயால் சொல்லாமல் எழுதித் தரச் சொன்னாலும் தவறுகள் வெகுவாகக் குறைந்தன.

இதற்கு நேர் எதிரான குணமும் நமக்குள் இருக்கிறது. தான் பிடித்த முயலுக்கு மூன்றே கால். இலான் யானிவ் போன்ற உளவியலாளர்கள் இதை அளந்திருக்கிறார்கள். ஒரு கணிப்பைச் சொல்லுங்கள், இன்னொருவர் கணிப்பைக் காட்டுகிறோம், வேண்டுமானால் மாற்றிக்கொள்ளுங்கள் என்றால், அடுத்தவர் சொல்லுக்குச் சராசரியாக 30 சதவீதத்தை ஒட்டிய எடைதான் கிடைக்கிறது. இருவரும் சம அளவு விவரம் தெரிந்தவர்களாக இருந்தால் பாதிக்குப் பாதி கொடுப்பதுதான் லாபம். ஏன் கொடுப்பதில்லை? என் முடிவின் காரணங்கள் எனக்குள் இருக்கின்றன, எல்லாம் எனக்குத் தெரியும். அடுத்தவரிடமிருந்து எனக்கு வந்து சேர்வது முடிவு மட்டும். ஆக, தனியாக ஒருவர் வந்து சொன்னால் தள்ளிவிடுகிறோம், நாற்பது பேர் வரிசையில் நின்றால் பின்னால் போய் நிற்கிறோம். இரண்டு இடத்திலும் "இவருக்கு இது எப்படித் தெரியும்?" என்று கேட்பதே இல்லை.

மும்பைக்காரர்களுக்கு இதில் ஒரு சொந்தக் கதை உண்டு. 2006 ஆகஸ்ட் 18ஆம் தேதி இரவு, மாஹிம் கழிமுகத்தில் கடல் தண்ணீர் இனிக்கிறது என்று பேச்சு பரவியது. மாஹிம் தர்காவில் அடங்கியிருக்கும் சூஃபி ஞானி மக்தூம் பாபாவின் அருள் என்றார்கள். கூட்டம் கூட்டமாக வந்து குடித்தார்கள், பாட்டிலில் பிடித்துக்கொண்டு போனார்கள். மித்தி ஆறு நகரத்தின் சாக்கடையைச் சுமந்து வந்து கலக்கும் இடம் அது. குடிக்காதீர்கள் என்று மாசுக் கட்டுப்பாட்டு வாரியம் எச்சரித்தது. மறுநாள் உப்பு திரும்பிவிட்டது.

மூடநம்பிக்கை என்று சிரித்துவிட்டுப் போவது சுலபம். நான் அப்படிச் சிரிக்க மாட்டேன். தண்ணீரில் உப்பு குறைந்திருந்தது உண்மையாகவே இருக்கலாம். மழைக்காலம், நல்ல தண்ணீர் கடல் நீரைவிட இலேசானது, மேலே மிதக்கும். உப்பு இருக்கிறதா இல்லையா என்பதை ஒவ்வொரு நாக்கும் தனியாகவே சோதித்தது. அந்தக் கேள்விக்கு ஆயிரம் பேர் என்றால் ஆயிரம் சாட்சி. ஆனால் குடித்தால் ஒன்றும் ஆகாது என்பதை எந்த நாக்கும் சோதிக்க முடியாது, கிருமிக்கு ருசி கிடையாது. அந்த முடிவு முன்னால் நின்றவரைப் பார்த்து எடுத்தது. ஒரே கூட்டம் ஒரு கேள்விக்கு நல்ல சாட்சி, அடுத்த கேள்விக்கு வெறும் வரிசை.

தாராவியில் தேங்காய்க் கடை வைத்திருக்கும் அண்ணாச்சி ஒருவர் அன்று போனவர். சென்ற வாரம் கேட்டேன்.

"உப்பு இல்லதான் தம்பி. சத்தியமா இல்ல."

"சரி அண்ணாச்சி, சாக்கடைத் தண்ணியாச்சே, பயமா இல்லையா?"

"எனக்கு முன்னாடி நின்ன பொம்பள கைக்குழந்தைக்கே புகட்டிச்சு. தெரியாமலா செய்வாங்கன்னு நெனச்சேன்" என்றார். கொஞ்ச நேரம் தேங்காய் நாரை உரித்தார். அப்புறம், "எனக்குப் பின்னாடியும் நாலஞ்சு பேர் நின்னாங்க" என்றார்.