மலைக்கு அப்பால் பெய்துவிட்ட மழை

“ஆனி, ஆடியில் மேற்கே கறுத்துத் திரளும் மேகத்தை எங்கள் ஊர்க் காற்றாடிகள்தாம் கலைத்துவிடுகின்றனவா?” என்று ஆண்டிபட்டிப் பக்கத்து வாசகர் ஒருவர் கேட்டிருக்கிறார். தேனி மாவட்டத்தின் டீக்கடைகளில் அடிக்கடி காதில் விழும் சந்தேகம்தான் இது. காற்றாலையின் இறக்கை எட்டும் உயரத்தைவிட மேகம் பல மடங்கு மேலே செல்வதால், பழியைக் காற்றாடியின் மேல் போட முடியாது. ஆனால் மேகம் கலைவது மெய்தான், கலைப்பது மலை.

கம்பம் பள்ளத்தாக்கின் மேற்கே கேரள எல்லை மலைத்தொடரும், கிழக்கே மேகமலையும் வருசநாட்டு மலைகளும் நிற்க, நடுவில் முல்லையாறு வடகிழக்காக ஓடி வைகையில் சேர்கிறது. ஆனி மாதத்தில், ஏலத்தோட்ட வேலை முடித்துத் திரும்பும் பெண்களோடு குமுளியிலிருந்து ஜீப்பில் இறங்கிப் பாருங்கள். மேலே அவர்கள் போர்த்தியிருக்கும் பாலிதீன் தாளில் நீர் சொட்டிக்கொண்டிருக்கும். மலையடிவாரத்து லோயர் கேம்ப் வந்ததும் ஓட்டுநர் வைப்பரை நிறுத்திவிடுவார். கூடலூரைத் தாண்டும்போது அதே தாள் காய்ந்து காற்றில் படபடக்கும். மலைமேல் கேரளப் பக்கத்துப் பீர்மேட்டில் ஆண்டுக்கு 3,000 மில்லிமீட்டருக்கு மேல் பெய்யும் மழை, பள்ளத்தாக்கின் தரையில் 1,000 மில்லிமீட்டரைக்கூட எட்டுவதில்லை.

மழைமறைவுப் பகுதி என்று பள்ளியில் படித்திருப்போம். காற்றிலிருந்த நீர் மலைக்கு அப்பாலேயே தீர்ந்துவிட்டது என்பது பாதி விடைதான். மலையேறிய காற்று, ஏறும்போது இருந்ததைவிடச் சூடாக இறங்குகிறது என்பதுதான் எனக்கு இன்றும் வியப்பூட்டும் மறுபாதி.

கணக்குக்காக, கடலோரத்தில் 28 டிகிரியில் இருக்கும் காற்று மலையேறுவதாகக் கொள்வோம். ஏறும் காற்று விரிந்து, 100 மீட்டருக்கு ஏறத்தாழ 1 டிகிரி வீதம் குளிரும். 500 மீட்டரில் 23 டிகிரி. அங்கே மேகம் கட்டத் தொடங்குகிறது என்றால், ஆவி நீராகும்போது வெப்பம் வெளிப்படுவதால் குளிர்ச்சி பாதியாகக் குறைந்து, 1,500 மீட்டர் முகட்டில் 18 டிகிரியில் நிற்கும். மழையைக் கொட்டிவிட்டுக் கம்பம் பக்கம் 400 மீட்டருக்கு இறங்கும்போது சூட்டைத் தணிக்க மேகம் இல்லை. 100 மீட்டருக்கு முழு 1 டிகிரி வீதம் ஏறி 29 டிகிரி ஆகிவிடும். அப்பக்கம் இதே உயரத்தில் அது 24 டிகிரியில்தான் இருந்தது!

இந்த 5 டிகிரி எங்கிருந்து வந்தது? அரபிக் கடலின் நீரை ஆவியாக்க வெயில் செலவழித்த வெப்பம் அந்த ஆவிக்குள்ளேயே ஒளிந்திருந்து, மழை பெய்த இடத்தில் காற்றிடம் ஒப்படைக்கப்பட்டது. ஒரு கிலோ காற்று வெறும் 2 கிராம் நீரை மழையாக இழந்தாலே ஏறத்தாழ 5 டிகிரி சூடாகிவிடும். மழை இடுக்கிக்கு, அதன் சூடு கம்பத்துக்கு என்று பாகம் பிரித்ததுபோல இருக்கிறது. இப்படிச் சூடேறி வறண்ட காற்றில், முகட்டைத் தாண்டி எட்டிப் பார்க்கும் மேகத்தின் துளிகள் மீண்டும் ஆவியாகிக் கண்ணெதிரே கரைந்துபோகின்றன. எப்போதாவது தப்பி வருவதைத்தான் சாரல் என்கிறோம்.

பழுக்கும் நேரத்து மழையில் வெடித்துவிடும் பன்னீர் திராட்சைக்கு இந்த வறட்சி தோதானது. நெல்லுக்கு அது போதாது. அதனால்தான், மலை மறித்த மழையை 1895 முதல் முல்லைப் பெரியாற்றுச் சுரங்கம் கீழே கொண்டுவர, பள்ளத்தாக்கில் 14,707 ஏக்கர் இருபோகம் காண்கிறது. முகட்டிலிருந்து வயல்வரை வரிசையாகத் தானியங்கி வானிலைக் கருவிகளை வைத்து, இறங்கும் காற்றின் சூட்டை ஊர் ஊராக அளக்க வேண்டும் என்பது என் நெடுநாள் ஆசை. பெரிய ஆய்வகங்களுக்குக் கோடிகளை ஒதுக்கும் நாட்டில் இதற்கு ஆகும் செலவு சில்லறைதான்.

வாசகரின் சந்தேகத்தை மூடநம்பிக்கை என்று தள்ளிவிடவும் எனக்கு மனமில்லை. காற்றாடி வேகமாகச் சுற்றும் ஆடியில் மழை இல்லை. அது பெரும்பாலும் ஓய்ந்து நிற்கும் ஐப்பசியில் வங்கக் கடல் பக்கமிருந்து வடகிழக்குப் பருவமழை வந்து சேர்கிறது. அவர் பார்த்தது அத்தனையும் சரி. ஆடியில் இறக்கையைச் சுழற்றுவதும் மேகத்தைக் கரைப்பதும், மலையேறி இறங்கிய அந்த ஒரே மேற்குக் காற்றுதான்.