காலுறை போடாத கால்களுக்கு ஓர் அளவுகோல்

திருகோணமலை உப்புவெளிக் கரையில் கரைவலை இழுத்தே வயது போன ஒரு ஐயா. கணுக்கால் எலும்பு முறிந்து, தகடு வைத்து, ஆறு மாதம் கழித்து என்னிடம் இயன்மருத்துவத்துக்கு (பிசியோதெரபிக்கு) வந்திருந்தார். நான் ஒரு தாளைக் கையில் வைத்துக்கொண்டு கேள்வி கேட்டேன்.

"காலுறை போடக்குள்ள எவ்வளவு கஷ்டம் ஐயா?"

"ஒரு கஷ்டமும் இல்லை மகள்."

"கழட்டக்குள்ள?"

"அதுவும் இல்லை."

"குளியல் தொட்டியில ஏறி இறங்கக்குள்ள?"

கொஞ்ச நேரம் யோசித்தார். "நான் கிணத்தடியிலதானே குளிக்கிறன். இல்லை எண்டே போடுங்க."

காரில் ஏறி இறங்குவதற்கும் அதே பதில்தான். அவர் ஓட்டோவில் வந்தவர்.

அந்தத் தாள் 2001இல் சுவீடனில் வெளிவந்த பாதம், கணுக்கால் வினாக்கொத்து. சுருக்கமாக ஃபாவோஸ் என்பார்கள். மொத்தம் 42 கேள்விகள். நோவு, மற்ற அறிகுறிகள், அன்றாட வேலை, விளையாட்டு, வாழ்க்கைத் தரம் என ஐந்து பகுதிகள். ஒவ்வொரு கேள்விக்கும் 0 முதல் 4 வரை. கஷ்டமே இல்லையென்றால் 0, மிகக் கடுமை என்றால் 4. ஒரு பகுதியின் சராசரியை 25ஆல் பெருக்கி 100இலிருந்து கழித்தால் அந்தப் பகுதியின் புள்ளி கிடைக்கும். 100 என்றால் கால் நல்ல நிலையில் இருக்கிறது.

அன்றாட வேலைப் பகுதியில் 17 கேள்விகள். காலுறை போடுவது, கழற்றுவது, குளியல் தொட்டி, கார் என்ற நாலும் அதில்தான் வருகின்றன. மிச்சம் பதின்மூன்றுக்கும் ஐயா நடுத்தரக் கஷ்டம், அதாவது 2 என்று சொன்னதாக வைத்துக்கொள்வோம். அந்தப் பதின்மூன்றை மட்டும் பார்த்தால் அவருக்கு 50 புள்ளி. செய்தே பழக்கமில்லாத நாலு வேலைக்கும் "கஷ்டம் இல்லை" என்று 0 போட்டவுடன் அது 62 ஆகிவிடுகிறது. கணுக்கால் ஒரு நூலளவும் தேறவில்லை. தாளில் மட்டும் 12 புள்ளி தேறியிருக்கிறது.

எழும்பிப் போகும்போது அவர் சொன்னார்: "மற்றதெல்லாம் சரி மகள். வலை இழுக்கக்குள்ள குதிக்காலை மணல்ல ஊண்டிப் பின்னால சாய ஏலாமக் கிடக்கு. அதை நீங்க கேக்கவே இல்லையே."

அவர் கேட்டது நியாயம். ஒரு வினாக்கொத்தைச் செல்லுபடியாக்குவது என்று ஆய்வாளர்கள் சொல்கிற வேலை முழுவதும் அந்த ஒரு வசனத்துக்குப் பதில் தேடுவதுதான்.

எக்ஸ்ரே இருக்கும்போது கேள்வி எதற்கு என்று கேட்கலாம். எலும்பு பொருந்திவிட்டதா என்று எக்ஸ்ரே சொல்லும். அந்தக் காலால் படி இறங்க முடிகிறதா என்று அது சொல்லாது. ஒரே மாதிரிப் படம் உள்ள இருவரில் ஒருவர் சந்தைக்கு நடந்து போவார், மற்றவர் வாசலைத் தாண்டமாட்டார். 1994இல் அமெரிக்கப் பாத, கணுக்கால் அறுவை மருத்துவர் சங்கம் 100 புள்ளிக்கு ஓர் அளவீட்டைக் கொண்டுவந்தது. நோவுக்கு 40, செயற்பாட்டுக்கு 50, எலும்பின் ஒழுங்குக்கு 10. அதில் ஒரு பங்கை மருத்துவரே பார்த்துப் போடுவார். உலகம் முழுக்க அதைப் பயன்படுத்தினார்கள். ஆனால் அது சரியாக அளக்கிறதா என்ற சோதனை போதாமல் இருந்தது. 2011இல் அந்தச் சங்கமே அதைத் தொடர்ந்து பரிந்துரைப்பதில்லை என்று அறிவித்தது. தங்கள் பெயரில் உள்ள அளவுகோலைத் தாங்களே கீழே வைத்ததை நான் பெரிய விஷயமாக மதிக்கிறேன். இன்று நோயாளியே பதில் சொல்கிற வினாக்கொத்துகள்தான் முன்னுக்கு நிற்கின்றன.

சரி, ஒரு தாள் சரியாக அளக்கிறது என்று எப்படித் தெரியும்? மீன் சந்தைத் தராசை நினைத்துக்கொள்ளுங்கள். ஒரே பாரை மீனை இரண்டு தரம் வைத்தால் ஒரே எடை காட்ட வேண்டும். அது நம்பகம். ஆனால் ஒவ்வொரு தரமும் ஒழுங்காக நூறு கிராம் குறைத்துக் காட்டுகிற தராசும் உண்டு. அதில் நம்பகம் இருக்கிறது, உண்மை இல்லை. எடையைத்தான் காட்டுகிறதா, சரியாகக் காட்டுகிறதா என்பதுதான் செல்லுபடி. இரண்டையும் தனித்தனியாகச் சோதிக்க வேண்டும். மொழியும் ஊரும் மாறினால் மறுபடியும் சோதிக்க வேண்டும்.

முதலில் மொழிபெயர்ப்பு. 2000ஆம் ஆண்டு வந்த ஒரு வழிகாட்டலைத்தான் இன்றும் பெரும்பாலானோர் பின்பற்றுகிறார்கள். இரண்டு பேர் தனித்தனியாகத் தமிழாக்குவார்கள். ஒருவருக்கு மருத்துவம் தெரியும், மற்றவருக்குத் தெரியாது. இரண்டையும் ஒன்றாக்கியபின், மூலத்தைக் காணாத வேறு இருவர் அந்தத் தமிழைத் திரும்ப ஆங்கிலமாக்குவார்கள். எங்கே பொருள் நழுவியது என்று அதில் தெரிந்துவிடும். ஒரு குழு கூடி எல்லாவற்றையும் தீர்த்தபின், 30 முதல் 40 நோயாளிகளிடம் கொடுத்து, என்ன விளங்கியது என்று ஒவ்வொருவரிடமும் கேட்க வேண்டும்.

இந்தக் கடைசிப் படியில்தான் எனக்குப் பிடித்த வேலை இருக்கிறது. தமிழில் 'கால்' என்றால் இடுப்புக்குக் கீழே முழுவதும் கால்தான். "காலில் நோ இருக்கிறதா" என்று கேட்டால் முழங்கால் தேய்ந்தவரும் "ஓம்" என்பார், முதுகிலிருந்து கெண்டைக்கால்வரை இழுக்கிறவரும் "ஓம்" என்பார். 'பாதம்' என்று எழுதினால் சிலருக்குக் கோயில் நினைவு வருகிறது. தங்கள் காலை அவர்கள் அப்படிச் சொல்வதில்லை. கடைசியில் கணுக்காலும் அதற்குக் கீழேயும் என்று எழுதி, ஒரு படத்தையும் போட்டு, அந்த இடத்தைத் தொட்டுக் காட்டச் சொல்வதுதான் பிழையில்லாத வழி.

நோவுக்கும் அப்படித்தான். எங்கள் ஆட்கள் நோகுது, உளையுது, கடுக்குது, குத்துது, எரியுது என்று ஐந்தாகப் பிரித்துச் சொல்வார்கள். நாள் முழுக்க நின்றுவிட்டு வந்தவருக்கு உளைவுதான் இருக்கும். நோ இருக்கிறதா என்று கேட்டால் இல்லை என்று சொல்லிவிடுவார். சென்னையில் எழுதிய தாளில் 'வலி' என்று இருக்கும். திருகோணமலையில் அது விளங்காமல் போகாது. ஆனால் அது அவர்கள் வாயில் வருகிற சொல் இல்லை.

பதில்களின் வரிசை இதைவிடச் சிக்கல். "சரியான கஷ்டம்" என்றால் எங்களுக்கு மிகமிகக் கஷ்டம். தமிழ்நாட்டுக்காரருக்கு 'சரியான' என்பது பிழையில்லாதது. 'கொஞ்சம்', 'ஓரளவு' இரண்டில் எது பெரிது? ஐந்து சொல்லையும் ஐந்து அட்டையில் எழுதிக் கொடுத்து, குறைந்ததிலிருந்து கூடியதுவரை அடுக்கச் சொன்னால் தெரிந்துவிடும். இரண்டு அட்டையை ஆளுக்கொரு விதமாக மாற்றி வைத்தால், அந்த இரண்டு சொற்களும் அளவுகோலில் அடுத்தடுத்து நிற்க முடியாது. 1க்கும் 2க்கும் இடையிலுள்ள கோடு அழிந்த அடிமட்டம் போல ஆகிவிடும்.

ஃபாம் என்று இன்னொரு வினாக்கொத்து 2005இல் வந்தது. அன்றாட வேலைக்கு 21 கேள்வி, விளையாட்டுக்கு 8. அதில் ஒரு நல்ல ஏற்பாடு உண்டு. ஒரு வேலை உங்களுக்குப் பொருந்தாவிட்டால், அல்லது பாதமோ கணுக்காலோ அல்லாத வேறு காரணத்தால் அதைச் செய்ய முடியாவிட்டால், 'பொருந்தாது' என்று போடலாம். அந்தக் கேள்வி கணக்கிலிருந்தே விலகிவிடும். கேள்விக்குக் கூடியது 4 வீதம் 21 கேள்விக்கு 84 புள்ளி. ஒன்றை விலக்கினால் 80. 80இல் 60 எடுத்தவருக்கு 75 சதவீதம். செருப்பில்லாமல் சமதரையில் நடப்பது, குந்தியிருப்பது, மேட்டில் ஏறுவது எல்லாம் அதில் இருக்கின்றன. செருப்பை வாசலில் விட்டுவிட்டுக் கோணேசர் கோயில் மலையில் நிற்கிற ஊருக்கு இவை பொருந்துகிற கேள்விகள்தான்.

ஆனால் பொருந்துகிற கேள்வியும் இடம் மாறினால் எடை மாறும். குந்தியிருப்பது ஓரிடத்தில் உடற்பயிற்சி. இங்கே பல வீடுகளில் காலையில் முதல் வேலையே அதுதான். ஒரே அளவு பாதிப்புள்ள இரண்டு நாட்டுக்காரர் ஒரே கேள்விக்கு வேறுவேறு பதில் சொன்னால் அந்தக் கேள்வி இரு பக்கமும் ஒன்றாக அளக்கவில்லை என்று பொருள். இதைக் கண்டுபிடிக்கத் தனிக் கணித முறைகள் இருக்கின்றன. அப்புறம், எந்தக் கேள்வியும் தொடாத அசைவுகள். கிண்ணியாவிலும் மூதூரிலும் தொழுகையின் இருப்பில் இடது பாதத்தின் மேல் அமர்ந்து, வலது பாதத்தை நட்டு, விரல்களை மடித்து வைப்பார்கள். ஒரு நாளைக்கு ஐந்து நேரம். கணுக்கால் முறிந்த ஒருவர் கதிரையில் இருந்து தொழுவதிலிருந்து மறுபடி தரையில் அமர்ந்து தொழுவதற்கு மாறினால் அது எவ்வளவு பெரிய முன்னேற்றம்! தாளில் அதற்கு ஒரு புள்ளியும் இல்லை.

இனி எண்கள். நம்பகத்தைப் பார்க்க ஒரே ஆளிடம் இரண்டு வாரம் விட்டு மறுபடி கேட்பார்கள். சீக்கிரம் கேட்டால் போன தரம் சொன்ன பதில் நினைவிருக்கும்; பிந்தினால் கால் நிஜமாகவே மாறியிருக்கும். இரண்டு முறையும் எவ்வளவு ஒத்துப்போகிறது என்பதை 0 முதல் 1 வரையான ஒரு எண்ணால் சொல்வார்கள். 0.70க்குக் கீழே போனால் ஏற்பதில்லை. கேள்விகள் ஒன்றோடொன்று சேர்ந்து ஒரே விஷயத்தை அளக்கின்றனவா என்பதற்கு, 1951இல் குரோன்பாக் விளக்கிய ஆல்ஃபா என்ற எண் இருக்கிறது. அது 0.70க்கும் 0.95க்கும் இடையில் இருப்பது நல்லது. 0.95ஐத் தாண்டினால் சந்தோஷப்படக் கூடாது. ஒரே கேள்வியைச் சொல் மாற்றித் திரும்பத் திரும்பக் கேட்டிருக்கிறோம் என்று அர்த்தம்.

செல்லுபடிக்கு நேரடிச் சோதனை கிடையாது. 'காலின் செயற்பாடு' என்பதைத் தூக்கி வைத்துப் பார்க்க ஒரு படிக்கல் இல்லையே. அதனால் முன்கூட்டியே எதிர்வுகூறி எழுதிவைப்பார்கள். இந்தத் தாளின் புள்ளி, பொது உடல்நல வினாக்கொத்தின் உடல் பகுதியோடு நன்றாக ஒத்துப்போக வேண்டும். மனநலப் பகுதியோடு அவ்வளவாக ஒத்துப்போகக் கூடாது. பொல்லூன்றி வருகிறவருக்குச் சும்மா நடந்து வருகிறவரைவிடப் புள்ளி குறைய வேண்டும். எழுதிவைத்தவற்றில் முக்கால்வாசி பலித்தால் தாளை நம்பத் தொடங்கலாம். முடிவைப் பார்த்துவிட்டு எதிர்வுகூறலை எழுதினால் அது சோதனையே இல்லை. இன்னொன்று, 15 சதவீதத்துக்கு மேற்பட்டவர்கள் முழுப்புள்ளியில் போய் நின்றால் தாளின் கூரை தாழ்வு என்று பொருள். அவர்கள் இன்னும் தேறினாலும் அது தெரியாது.

நோயாளிக்கு அதிகம் பயன்படுகிற எண்கள் இரண்டு. ஒன்று, அளவீட்டுத் தடுமாற்றத்தைத் தாண்டிய மாற்றம். மற்றது, நோயாளி "எனக்கு வித்தியாசம் தெரியுது" என்று சொல்கிற மிகச் சிறிய மாற்றம். ஃபாமின் அன்றாடப் பகுதியில் முதலாவது 5.7 புள்ளி, இரண்டாவது 8. ஆகவே 8 புள்ளி ஏறியவரை நம்பித் தேறியவர் என்று சொல்லலாம். விளையாட்டுப் பகுதியில் நிலைமை தலைகீழ்: தடுமாற்றம் 12.3, நோயாளி உணர்வது 9. அங்கே ஒருவர் 10 புள்ளி ஏறினால், அது உண்மையான முன்னேற்றமா, தராசு ஆடியதா என்று அந்த ஒரு ஆளை வைத்துச் சொல்ல முடியாது. ஒரு கூட்டத்தின் சராசரிக்கு அதே தாள் பயன்படும். இந்த வித்தியாசம் தெரியாமல் ஒரு ஆளின் புள்ளியைப் பார்த்துச் சிகிச்சையை நிறுத்துவதும் நீட்டுவதும் பெரிய பிழை.

இந்த எண்கள்கூட எந்த ஆட்களிடம் சோதித்தார்களோ அவர்களுக்கே உரியவை. ஃபாவோஸ் சோதிக்கப்பட்டது கணுக்கால் சவ்வைத் திருத்திக்கொண்டவர்களிடம். 1991இல் வந்த பாதச் செயற்பாட்டுச் சுட்டெண் சோதிக்கப்பட்டது மூட்டுகளை வீங்கவைக்கிற முடக்குவாதம் உள்ளவர்களிடம். அதில் புள்ளி கூடினால் கால் மோசம்; ஃபாவோசுக்கு நேரெதிர் என்பதைக் கவனிக்க வேண்டும். நீரிழிவுப் புண்ணோடு வருகிறவருக்கும், சிக்குன்குனியாவுக்குப் பிறகு மாதக்கணக்கில் கணுக்கால் வீங்கி நொண்டுகிறவருக்கும் அதே எண்களைத் தூக்கிப் போட முடியாது.

ஐயா கேட்ட கேள்விக்கு வருகிறேன். மூலத் தாளில் நினைத்தபடி ஒரு கேள்வியைச் செருக முடியாது. செருகினால் அது வேறு தாள். மற்ற நாட்டுப் புள்ளிகளோடு ஒப்பிட முடியாது. அதனால் தனித் தாளில் எழுதினேன்: "ஈரமணலில் குதிக்காலை ஊன்றி, உடம்பைப் பின்னால் சாய்த்துக் கயிறு இழுக்கும்போது எவ்வளவு கஷ்டம்?" ஐயாவிடமும், அவரோடு இழுக்கிற இருவரிடமும் வாசித்துக் காட்டினேன். இருவர் உடனே பதில் சொன்னார்கள். மூன்றாமவர் எழும்பி நின்று, கயிறு பிடித்தது போலச் சாய்ந்து, தன் காலைப் பார்த்துக்கொண்டே கேட்டார்: "முன்னுக்கு ஊண்டுற காலா பிள்ளை, பின்னுக்கு உதைக்கிற காலா?"

கேள்வியை மறுபடி எழுதிக்கொண்டிருக்கிறேன்.