எல்லாரும் 'அண்ணன்' இல்லை

போன வாரமும் ஒரு கோப்பு திரும்பி வந்தது. மலையாளப் படம் ஒன்றுக்கு நான் எழுதிய தமிழ் சப்டைட்டில். ஓரத்தில் ஒரே குறிப்பு: "சேட்டன், இக்கா, அச்சாயன் எல்லாவற்றையும் அண்ணன் என்று மாற்றிவிடவும்." இது எத்தனையாவது முறை என்று எண்ணுவதையே விட்டுவிட்டேன்.

மாற்றிக் கொடுத்த படத்தைப் பார்த்தவர் பிறகு என்னிடமே வந்து வியக்கிறார்: "மலையாளப் படங்களில் சாதி, மதம் எதுவுமே தெரிவதில்லை, கவனித்தீர்களா?" எப்படித் தெரியும் ஐயா? துடைத்தவர்களே நாங்கள்தானே.

பொறுமையாகவே சொல்கிறேன். மோகன்லால் 'லாலேட்டன்', அதாவது லால் சேட்டன். மம்மூட்டி 'மம்மூக்கா', அதாவது மம்மூட்டி இக்கா. இடம் மாற்றிச் சொல்லிப் பாருங்கள், எந்த மலையாளிக்கும் நாக்கு இடறும். 'சேட்டன்' முன்பின் தெரியாதவருக்கும் போகும். 'இக்கா' முஸ்லிம் வீட்டுச் சொல். 'அச்சாயன்' என்றால் கோட்டயம் பக்கத்துச் சிரியன் கிறிஸ்தவர் கண்முன் வந்து நிற்பார். அப்பா இந்து வீட்டில் அச்சன், முஸ்லிம் வீட்டில் உப்பா. திண்ணையில் உட்கார்ந்திருக்கும் பெரியவரைப் பேரன் 'அப்பச்சா' என்று கூப்பிட்டுவிட்டால், சுவரில் தொங்கும் சிலுவையை இயக்குநர் தனியாகக் காட்ட வேண்டியதில்லை. அந்த ஒரு சொல்லிலேயே குடும்பம் அறிமுகமாகிவிடுகிறது. அதைத்தான் வெட்டச் சொல்கிறார்கள்.

சாதி இல்லாத சினிமாவாம்! முதல் மலையாளப் படமான 'விகதகுமார'னில் நாயர் பெண்ணாக நடித்த பி. கே. ரோசி, தலித் பெண். அதைப் பொறுக்காத ஆதிக்க சாதியினர் துரத்தியதில் திருவனந்தபுரத்தை விட்டே ஓடி நாகர்கோவிலில் குடியமர்ந்தார். 1954இல் 'நீலக்குயில்' தலித் பெண்ணைக் கர்ப்பமாக்கிக் கைவிடும் நாயர் ஆசிரியரைத் திரையில் நிறுத்தியது. அந்தச் சமூகம் தன் மீது தானே வைத்த குற்றச்சாட்டு அது.

ஆகவே, டப்பிங் வேண்டாம். மூல ஒலியோடு பாருங்கள். யார் யாரை எப்படிக் கூப்பிடுகிறார்கள் என்பதில் ஒரு காது இருக்கட்டும். நான்கு படம் பார்த்துவிட்டுக் கேரளம் முழுவதற்கும் நற்சான்றிதழ் எழுதாதீர்கள். கொச்சிக் குடியிருப்பில் நடக்கும் கதை மலப்புறத்துக்குச் சாட்சி ஆகாது.

கோப்பைத் திருத்துகிறவர்களிடம் ஒரு கெஞ்சல். காயல்பட்டினத்தில் அண்ணனைக் 'காக்கா' என்பார்கள். தமிழிலேயே கிடக்கிறது சொல். அதுவும் பிடிக்கவில்லையா, 'இக்கா' என்றே விட்டுவிடுங்கள். இரண்டாவது காட்சிக்குள் பார்ப்பவருக்குப் பழகிவிடும்.

மூன்று சொற்களையும் மறுபடி அப்படியே வைத்துக் கோப்பை அனுப்பியிருக்கிறேன். இன்னும் பதில் இல்லை.