கேப்பிடேஷன்: தலைக்கு இவ்வளவு

கேப்பிடேஷன் என்றால் நம்மூரில் யாருக்கும் விளக்கம் வேண்டியதில்லை. மருத்துவக் கல்லூரி சீட்டு, ரசீது இல்லாத பணம், கல்யாணப் பந்தியில் "அந்தக் காலேஜில் எவ்வளவு கேட்கிறார்கள்?" என்று குரலைத் தாழ்த்தி நடக்கும் விசாரிப்பு. அவ்வளவுதான் அதன் அர்த்தம் என்றுதான் நானும் நினைத்திருந்தேன். லண்டனில் ஒரு டாக்டர் கிளினிக்கில் கணக்குப் பார்க்கும் என் சித்தி மகன் ஒரு நாள் போனில், "அண்ணா, எங்க டாக்டருக்குப் பாதிக்கு மேல கேப்பிடேஷன் பணம்தான்" என்றான். அங்கேயும் இந்தக் கூத்து உண்டா என்று கேட்டுவிட்டேன். ரொம்ப நேரம் சிரித்தான். அதே சொல்தான், ஆனால் பணம் போகும் திசை நேர் எதிர் என்று அப்புறம்தான் புரிந்தது.

வேரிலிருந்து ஆரம்பிக்கலாம். லத்தீனில் காபுட் என்றால் தலை. ஆங்கிலத்தில் தலைநகரைக் குறிக்கும் கேப்பிட்டல், கப்பலின் கேப்டன், நூலின் சாப்டர் எல்லாம் அந்தத் தலையில் முளைத்தவை. தமிழும் இதே வேலையைத் தன் போக்கில் செய்திருக்கிறது: தலைநகர், தலைவன், தலைப்பு. ஊரையும் ஆளையும் எழுத்தையும் தலையை வைத்தே அடையாளப்படுத்தும் பழக்கம் இரண்டு மொழிக்கும் இருப்பதால், கேப்பிடேஷனுக்குத் தமிழ் தேடுவது அவ்வளவு கஷ்டமாக இருக்கக்கூடாது. இருந்தும் சிக்கல் இருக்கிறது, அதைக் கடைசியில் சொல்கிறேன்.

முதலில் அது வரியின் பெயர். ரோமர்களிடம் தலையெண்ணி வாங்கும் வரி இருந்தது. பிரான்சில் பதினான்காம் லூயி 1695இல் கேப்பிடேஷன் என்ற பெயரிலேயே ஒரு வரி போட்டார், அதில் ஒரு வேடிக்கை உண்டு: பெயர்தான் தலைவரி, ஆனால் குடிமக்களை 22 வகுப்பாகப் பிரித்து, உச்சியில் இருப்பவருக்கு 2000 லீவ்ர், அடியில் இருப்பவருக்கு 1 லீவ்ர் என்று வைத்தார்கள். எல்லாத் தலைக்கும் ஒரே விலை இல்லை என்பது அப்போதே தெரிந்திருக்கிறது. நம் பக்கம் திருவிதாங்கூரில் ஒடுக்கப்பட்ட சாதியினர்மீது போட்ட தலைவரியைக் குமரி மாவட்டத்துக்காரர்கள் இன்றும் கசப்போடுதான் சொல்வார்கள்.

ஆக, பிறந்ததிலிருந்தே தலையிடமிருந்து பிடுங்குவதற்கான சொல். கல்லூரிக்காரர்கள் அந்த மரபைத்தான் தொடர்ந்தார்கள்: ஒரு மாணவத் தலைக்கு, கல்விக் கட்டணத்துக்கு மேல், இவ்வளவு. கர்நாடகம் 1984இல் அதைத் தடைசெய்து சட்டம் போட்டது, தமிழ்நாடு 1992இல். அதே 1992இல் மோகினி ஜெயின் வழக்கில் உச்ச நீதிமன்றமும் அதைக் கண்டித்தது. வெளிமாநில மாணவர்களிடம் ஆண்டுக்கு 60,000 ரூபாய் வரை வாங்கலாம் என்ற கர்நாடக அரசின் அறிவிப்பிலிருந்து கிளம்பிய வழக்கு அது. நம் பத்திரிகைகள் இதைத் தமிழில் "கட்டாய நன்கொடை" என்று எழுதுகின்றன. கட்டாயமாம், நன்கொடையாம்! இதைவிடப் பொருத்தமான முரண் கிடைக்காது என்பதால் நான் அதை மாற்றச் சொல்ல மாட்டேன்.

மருத்துவத்தில் அந்தச் சொல் தலைகீழானது. அப்போதைய நிதியமைச்சர் லாயிட் ஜார்ஜ் 1911இல் கொண்டுவந்த பிரிட்டனின் தேசியக் காப்பீட்டுச் சட்டத்தில் தொழிலாளி வாரம் 4 பென்ஸ், முதலாளி 3, அரசு 2 போடுவார்கள். தொழிலாளி ஒரு மருத்துவரின் பட்டியலில் பெயர் கொடுப்பார். மருத்துவருக்குப் பெரும்பாலும் பார்த்த நோய்க்குப் பணம் இல்லை, பட்டியலில் உள்ள தலைக்குப் பணம். (பட்டியலில் தொழிலாளி மட்டும்தான், அவர் மனைவிக்கும் பிள்ளைகளுக்கும் இடமில்லை.) 1948 ஜூலை 5ஆம் தேதி என்.எச்.எஸ். என்ற தேசிய சுகாதாரச் சேவை வந்து எல்லாரையும் சேர்த்துக்கொண்டபோது, பணம் பெரும்பாலும் பொது வரியிலிருந்து வந்தது, ஆனால் குடும்ப மருத்துவருக்குக் கொடுக்கும் முறை மட்டும் மாறவில்லை. அவர்களைச் சம்பள ஊழியர் ஆக்கிவிடுவார்களோ என்று மருத்துவர் சங்கம் பயங்கரமாக எதிர்த்தது. சுகாதார அமைச்சர் அனூரின் பெவன் கடைசியில், முழுநேரச் சம்பள முறையைச் சட்டம் வழியே திணிக்க மாட்டோம் என்று வாக்குக் கொடுத்துத்தான் சமாளித்தார். அதனால்தான் அங்கே மருத்துவமனை நிபுணர் என்.எச்.எஸ்.ஸின் சம்பளக்காரர், தெருமுனைக் குடும்ப மருத்துவரோ இன்றுவரை பெரும்பாலும் ஒப்பந்தக்காரர்.

சரி, இப்போது விளக்கம்: மருத்துவரின் பட்டியலில் பெயர் உள்ள ஒவ்வொருவருக்கும், அவர் வந்தாலும் வராவிட்டாலும், இன்ன காலத்துக்கு இவ்வளவு என்று முன்கூட்டியே தீர்மானித்துத் தரும் தொகைதான் கேப்பிடேஷன். சித்தி மகன் கணக்கில் இங்கிலாந்தில் 2025-26க்கு அது ஆண்டுக்கு 120 பவுண்டுக்குச் சற்று மேல். வருஷம் முழுக்க ஒரு தும்மல்கூடப் போடாதவருக்கும் உண்டு, வாரா வாரம் வந்து நிற்கும் பாட்டிக்கும் உண்டு.

இதில் என்ன லாபம் என்றால், மருத்துவருக்கு நோய் வருமானம் இல்லை, செலவு. பார்த்த தடவைக்குக் காசு என்றால் "மூணு நாள் கழிச்சு வாங்க" என்ற வசனம் தானாக வரும். தலைக்குக் காசு என்றால் நீங்கள் வராமல் இருப்பதே அவருக்கு நல்லது. அமெரிக்காவில் 1933இல் சிட்னி கார்ஃபீல்ட் என்ற இளம் மருத்துவர் கலிஃபோர்னியா பாலைவனத்தில், கால்வாய் வெட்ட வந்த தொழிலாளிகளுக்காகச் சின்ன ஆஸ்பத்திரி கட்டி, கடனில் மூழ்கும் நிலைக்கு வந்தார். காப்பீட்டு நிறுவனம் தொழிலாளி ஒருவருக்கு நாளொன்றுக்கு 5 சென்ட் முன்பணமாகத் தருவதாக ஏற்பாடான பிறகுதான் நிமிர்ந்தார். அதன் பிறகு அவர் வேலைத்தளத்தில் நீட்டிக்கொண்டிருக்கும் ஆணிகளைத் தேடி அடித்து மடக்கச் சொன்னார் என்று சொல்வார்கள். காலில் ஆணி குத்தினால் செலவு இப்போது அவருடையது அல்லவா!

அதன் மறுபக்கமும் அதே ஆணியில்தான் இருக்கிறது. நோயாளி வராமலிருக்க ஆணியை மடக்கலாம், கதவையும் மூடலாம். போனை எடுக்காமல் இருக்கலாம். கூடுதல் வேலை வைக்கும் நோயாளியைச் சேர்க்கத் தயங்கலாம். இதைச் சரிக்கட்டத்தான் பிரிட்டனில் குடும்ப மருத்துவர்களோடு போட்ட 2004 ஒப்பந்தத்தில் கார்-ஹில் சூத்திரம் என்ற ஒன்றை வைத்தார்கள். வயது, பாலினம், முதியோர் இல்லவாசியா, புதிதாகச் சேர்ந்தவரா, நாட்டுப்புறமா என்று பார்த்து ஒவ்வொரு தலைக்கும் ஒரு எடை. கைக்குழந்தைக்கும் கிழவருக்கும் எடை அதிகம், இருபத்தைந்து வயது இளைஞனுக்குக் குறைவு. லூயி மன்னரின் 22 வகுப்பு வேறு வேஷத்தில் திரும்பி வந்த மாதிரி. ஆனால் ஏழ்மைக்கு இந்தச் சூத்திரம் போதிய எடை கொடுப்பதில்லை, ஏழைப் பகுதிகளில் முதுமையின் நோய்கள் பத்துப் பதினைந்து வருஷம் முன்பே வந்துவிடுகின்றன என்பது இருபது வருஷத்துப் புகார், நியாயமான புகாரும்கூட. 2025இல் ஒருவழியாக அதை மறுஆய்வு செய்யப்போவதாக அரசு அறிவித்தது.

பணக்கார நாடுகளோடு இது முடிந்துவிடவில்லை. தாய்லாந்து 2002இல் தன் 30 பாட் திட்டத்தை நாடு முழுக்க விரித்தபோது, நோயாளி கொடுப்பது ஒரு தடவைக்கு 30 பாட், அரசு ஒதுக்கியது தலைக்கு ஆண்டுக்கு 1202 பாட். வெளிநோயாளிச் சிகிச்சைக்குக் கேப்பிடேஷன், படுக்கையில் சேர்ந்தால் வேறு கணக்கு. பணக்கார நாடு ஆகும்வரை காத்திருக்காமல் அவர்கள் இறங்கியதற்கு இந்தச் சொல்லும் ஒரு காரணம்: மொத்தச் செலவு எவ்வளவு என்று தலையை எண்ணினாலே முன்கூட்டித் தெரிந்துவிடும்.

இனி தமிழ். "தலைவரி" கூடாது, பணம் எதிர்த்திசையில் போகிறது. "தலைக்கட்டு" என்று ஒருவர் எழுதியதைப் பார்த்தேன். கேட்க அழகுதான், ஆனால் ஊர்க் கோயில் கொடைக்குத் தலைக்கட்டு வரி பிரித்தவர்களுக்குத் தெரியும், அங்கே தலைக்கட்டு என்பது ஆள் இல்லை, குடும்பம். எங்கள் ஊரில் கல்யாணமான மகன் தனி அடுப்பு வைத்தால் தனித் தலைக்கட்டு. அடுப்பு ஒன்றா இரண்டா என்று அப்பாவும் மகனும் வரி பிரிக்க வந்தவர்களிடம் வாதாடுவதை நானே வேடிக்கை பார்த்திருக்கிறேன். அந்தச் சொல்லை மருத்துவத்துக்குக் கொண்டுவந்தால் பாட்டியும் பேத்தியும் ஒரே தலையாகிவிடுவார்கள். "தலா நிதி" என்று சொல்லலாம், தலா வருமானம் இருக்கிறது. ஆனால் அது சராசரி என்ற வாடையோடு வருகிறது, சராசரி வேறு, கொடுக்கும் வீதம் வேறு.

எனக்குப் பிடித்தது தலைவீதம். ரேஷன் கடையில் "ஆளுக்கு 5 கிலோ வீதம்" என்று சொல்லும் அதே வீதம். மருத்துவருக்குத் தரும் பணம் தலைவீதத் தொகை, வயதும் நோயும் பார்த்துக் கூட்டிக் குறைப்பது எடையிட்ட தலைவீதம். சதவீதத்தை விழுக்காடு ஆக்கியவர்கள் வீதத்தின் மேலும் கை வைப்பார்கள் என்று தெரியும், வைக்கட்டும்.

இன்னும் ஒரு சொல் பாக்கி. தலைக்குப் பணம் என்றால் இல்லாத தலைக்கும் பணம் வரும். இங்கிலாந்தில் மருத்துவர் பட்டியல்களில் உள்ள பெயர்களைக் கூட்டினால் நாட்டின் மக்கள்தொகையைவிடப் பல லட்சம் அதிகம். இறந்தவர்கள், நாடு மாறியவர்கள், வீடு மாற்றி இரண்டு இடத்தில் இருப்பவர்கள். அதற்கு அங்கே கோஸ்ட் பேஷன்ட் என்று பெயர். பேய் நோயாளி என்று மொழிபெயர்த்தால் வேப்பிலை அடிக்க ஆள் தேட வேண்டியிருக்கும். இறந்த பிறகும் நம் வாக்காளர் பட்டியலில் இருந்துகொண்டே இருக்கும் தாத்தாவுக்கு என்ன பெயரோ அதையே இதற்கும் வைக்கலாம் என்றேன். "அவருக்கு என்ன பேருண்ணா?" என்று கேட்டான் சித்தி மகன். யோசித்துப் பார்த்தால் அவருக்கும் நாம் இன்னும் பெயர் வைக்கவில்லை.