எண்பது டன் சுகர்பீட்: ஏக்கருக்கா, ஹெக்டேருக்கா?

மேலூர்ப் பக்கம் கரும்பு போடும் அண்ணன் ஒருவர் போனில் ஒரு வீடியோவைக் காட்டினார். “சார், பிரான்ஸ்ல சுகர்பீட் எண்பது டன் எடுக்கிறான். அதுவும் ஆறேழு மாசத்துல. நாம வருசம் பூரா கரும்போட மல்லுக்கட்டி நாப்பது டன்தானே பாக்குறோம்?”

“எண்பது சரிதாண்ணே. ஆனா அது ஹெக்டேருக்கு” என்றேன். ஏக்கருக்குப் பார்த்தால் 32 டன். முகம் வாடிவிட்டது.

சுகர்பீட் என்பது ஒட்டன்சத்திரம் சந்தையில் மூட்டை மூட்டையாக இறங்கும் பீட்ரூட் இல்லை. அதன் பங்காளி, நிறம் வெள்ளை, சர்க்கரைச் சத்து 16 முதல் 18 சதவீதம். உலகச் சர்க்கரையில் ஏறக்குறைய ஐந்தில் ஒரு பங்கு இந்தக் கிழங்கிலிருந்துதான் வருகிறது. அதனால் இதை விளையாட்டாக ஒதுக்க முடியாது. ஆனால் நாடு தழுவிய மகசூல் புள்ளிவிவரத்தைப் படிக்க ஒரு பக்குவம் வேண்டும்.

அமெரிக்காவையே எடுத்துக்கொள்வோம். 1990 வாக்கில் ஏக்கருக்கு 20 டன் எடுத்தவர்கள் இப்போது 30 டன் சுமாருக்கு வந்துவிட்டார்கள். பரப்பு கூடவில்லை, நல்ல விதையும், 2008 முதல் பரவிய களைக்கொல்லி தாங்கும் ரகமும் மகசூலைத் தூக்கிவிட்டன. இதிலும் ஒரு பொடி வைத்திருக்கிறது: அவர்கள் டன் 907 கிலோ. நம் கணக்கில் அந்த 30 டன் 27 ஆகிவிடும்.

அதைவிடப் பெரிய விஷயம், அந்தச் சராசரி அறுவடை செய்த ஏக்கருக்கு மட்டும் போடப்படுவது. 2019 இலையுதிர் காலத்தில் மின்னசோட்டா, வடக்கு டகோட்டா பக்கம் மழையும் உறைபனியும் சேர்ந்து அடித்ததில் ஏகப்பட்ட கிழங்கு மண்ணுக்குள்ளேயே கிடந்து போனது. அந்த ஏக்கரெல்லாம் சராசரியில் வராது. ஆலையிலிருந்து வெட்டு உத்தரவு கிடைக்காமல் நம்மூரில் காய்ந்து நிற்கும் கரும்பைக் கழித்துவிட்டு, வெட்டியதற்கு மட்டும் சராசரி போட்டால் எவ்வளவு அழகாக இருக்கும்! பிரான்சிலும் 2020-ல் அசுவினிப் பூச்சி பரப்பிய மஞ்சள் நோயால் விளைச்சல் கிட்டத்தட்ட மூன்றில் ஒரு பங்கு சரிந்தது. அண்ணன் பார்த்த வீடியோவில் அந்த வருஷம் இல்லை.

சரி, நம் மண்ணில் வருமா? வரும். தமிழ்நாடு வேளாண் பல்கலைக்கழகம் வெப்பமண்டல ரகங்களை வைத்துச் சோதனை செய்திருக்கிறது. கரும்பைவிடத் தண்ணீர் நன்றாகவே குறைவு, உவர் மண்ணையும் ஓரளவு தாங்கும். தண்ணீர் தேங்கினால் மட்டும் வேரழுகல் வந்துவிடும். கரிசலில் ஐப்பசி மழைக்கு முன் விதைப்பது வம்பு. டன் ஏறட்டுமே என்று யூரியாவை அள்ளிப் போட்டால் கிழங்கு பருக்கும், சர்க்கரை இறங்கும். கரும்புக்கே கட்டுமானம் (கரும்பு எடையில் ஆலைக்குக் கிடைக்கும் சர்க்கரை) 10.25 சதவீதம் என்று வைத்துத்தானே மத்திய அரசு விலை சொல்கிறது? இதிலும் எடையை விட இனிப்புதான் காசு.

எனக்குப் பயம் தோண்டிய பிறகுதான். மின்னசோட்டாவில் கிழங்கை வெட்டவெளியில் மலைபோல் குவித்து வைக்கிறார்கள். குளிரில் உறைந்து மாதக்கணக்கில் கிடக்கும். மதுரைப் பங்குனி வெயிலில் அப்படி வைத்தால் சில நாளில் நாறிவிடும். பக்கத்திலேயே ஆலை வேண்டும், அதுவும் வேறு மாதிரி ஆலை. கரும்பு போல உருளையில் கொடுத்துப் பிழிய முடியாது. சீவல் சீவலாக நறுக்கி வெந்நீரில் ஊறவைத்துத்தான் சர்க்கரையை இறக்குவார்கள். கொதிகலனில் எரிக்கக் கரும்பு போலக் காய்ந்த சக்கையும் மிஞ்சாது. விதை கொடுக்க வருபவர்கள் யாரும் இந்தப் பேச்சை எடுப்பதில்லை.

“அப்ப வேண்டாங்கிறீங்களா?” என்றார்.

“கிழங்கை யார் எடுப்பாங்க, எந்த விலைக்கு, எத்தனை நாள்லன்னு எழுதி வாங்கிட்டு வாங்கண்ணே. அப்புறம் விதையைப் பேசுவோம்.”

கொஞ்ச நேரம் யோசித்தவர், “தழையை மாட்டுக்குப் போடலாமா?” என்று கேட்டார். ஒரு நாள் வாடவைத்து, வைக்கோலோடு கலந்து கொஞ்சமாகப் போடலாம். பச்சையாக வயிறு முட்டப் போட்டால் மாடு கழியும் என்றேன். பத்து சென்டில் மட்டும் போட்டுப் பார்க்கிறேன் என்று கிளம்பினார்.