பத்திரத்தில் வரும் சார்ஜ்

போன மாதம் ஏற்காட்டிலிருந்து ஒரு பெரியவர் அஸ்தம்பட்டியில் இருக்கும் என் அலுவலகத்துக்கு வந்தார். காப்பித் தோட்டத்தை ஒட்டிய சின்ன நிலம் ஒன்றை வாங்கப்போகிறார். கையில் ஆங்கிலத்தில் அடித்த கிரயப் பத்திர நகல். ஒரு வரியில் விரலை வைத்து, “எல்லா சார்ஜும் ஃப்ரீன்னு போட்டிருக்குங்களே சார், அப்ப ரிஜிஸ்டர் செலவு அவங்களோடதுதானுங்க?” என்றார்.

“அந்தச் சார்ஜ் இல்லைங்க ஐயா” என்று உட்காரவைத்தேன். நிலத்தின் மேல் யாருடைய பணப் பாரமும் இல்லை என்பதுதான் அந்த வரி.

சார்ஜ் என்ற இந்த ஆங்கில வினைச்சொல் பிறந்ததே பாரம் ஏற்றுவதில்தான். லத்தீனில் ‘காருஸ்’ என்றால் சக்கர வண்டி. வண்டியில் சுமை ஏற்றுவதைக் குறித்த சொல் பிரெஞ்சு வழியாக 13ஆம் நூற்றாண்டில் ஆங்கிலத்துக்கு வந்தது. கார், கார்கோ இரண்டும் இதன் பங்காளிகள். லீ பஜாரில் மூட்டை ஏற்றும் லாரியை நினைத்துக்கொண்டால் மற்றதெல்லாம் விளங்கிவிடும். துப்பாக்கியில் மருந்து ஏற்றினாலும் போனில் மின்சாரம் ஏற்றினாலும் அதே சொல். புது அதிகாரி சார்ஜ் எடுப்பதும் பொறுப்பைத் தோளில் ஏற்றிக்கொள்வதுதான். குற்றத்தை நாமும் ‘சுமத்த’த்தானே செய்கிறோம்!

சார்ஜ் ஷீட் என்றதும் தண்டனையே வந்ததுபோல அழுதுகொண்டு வருகிறார்கள். அது போலீஸ் தரப்பு. கோர்ட் குற்றச்சாட்டு வனைவது தனி. அதற்கு முகாந்திரம் இல்லையென்றால் டிஸ்சார்ஜ், அதாவது பாரத்தை இறக்கிவிடுவது.

நிலத்துக்கு வருவோம். 1882ஆம் ஆண்டு சொத்துரிமை மாற்றுச் சட்டத்தின் 100ஆம் பிரிவு சொல்லும் சார்ஜ், அடமானம் இல்லாமலே சொத்து ஒரு கடனுக்குப் பிணையாக நிற்பது. இது எழுதிக்கொடுத்துத்தான் வரவேண்டும் என்பதில்லை. கிரயம் முடிந்தும் விற்றவருக்குப் பாக்கி நின்றால், 55ஆம் பிரிவுப்படி அந்த நிலத்தின் மேல் அவருக்கு சார்ஜ் உண்டு. பாக்கி இருப்பது தெரிந்தே அடுத்தவர் வாங்கினால் அவரையும் அது விடாது. இப்படிச் சட்டப்படி தானாக வரும் பாரம் ஈசி எனப்படும் வில்லங்கச் சான்றில் தெரியாமல் போகலாம். ஈசி சுத்தமாக இருக்கிறது என்று அதோடு நிறுத்திவிடாதீர்கள், தாய்ப் பத்திரங்களை வரிவரியாகப் படியுங்கள்.

பெரியவரின் ஈசியும் சுத்தம்தான். ஆனால் முந்தைய கிரயப் பத்திரத்தில், மீதித் தொகையை ஆறு மாதத்தில் கொடுப்பதாக ஒரு வரி இருந்தது. கொடுத்ததற்கு ரசீது கேட்டிருக்கிறோம். அது வரும்வரை அட்வான்ஸ் கொடுக்கவேண்டாம் என்று சொல்லியனுப்பினேன்.